ஐ.எச்.எஸ்: ஒரு திருப்பெயரின் சுருக்கமும் அதன் பொருள்களும்

ஐ.எச்.எஸ் என்பது இயேசுவின் பெயரைக் குறிக்கும் மூன்றெழுத்துச் சுருக்கம். கத்தோலிக்கக் கோயில்களில் பீடத்தின் முகப்பிலும், நற்கருணைப் பேழையின் கதவிலும், குருவின் பூசை உடுப்பிலும், கல்லறைக் கற்களிலும் அது பொறிக்கப்பட்டிருக்கும். திருப்பலி அப்பத்தின் மேலும் அந்த எழுத்துகளைப் பதிப்பதுண்டு. அதற்கு என்ன பொருள் என்று கேட்டால் பதில் ஒன்றாக வராது. ‘மனிதரின் மீட்பர் இயேசு’ என்பார் ஒருவர். ‘இந்த அடையாளத்தில்’ என்பார் இன்னொருவர். இவை எகிப்தியத் தெய்வங்களின் முதலெழுத்துகள் என்று குற்றம் சாட்டிய நூலும் உண்டு. இத்தனை விளக்கங்களுக்கு நடுவே இரண்டு கேள்விகள் நிற்கின்றன. ஓர் எழுத்துக்குறியின் பொருளை அது பிறந்த இடம் தீர்மானிக்கிறதா, அது வழங்கும் இடம் தீர்மானிக்கிறதா? அந்த எழுத்துகளுக்கு முன்னால் ஒருவர் மண்டியிட்டால் அந்த வணக்கம் யாரைச் சேர்கிறது? முதல் கேள்விக்குச் சுவடிகள் ஓரளவு விடை தருகின்றன. இரண்டாவது கேள்விக்காக ஒரு புனிதர் ரோமில் விசாரணைக்கு நின்றார். நூற்றுக்கணக்கான துறவிகள் தங்கள் மடத்தை இழந்தார்கள்.

பிறப்பைப் பற்றிக் குழப்பம் இல்லை. கிரேக்க மொழியில் இயேசுவின் பெயர் ‘இயேசூஸ்’. அதன் முதல் மூன்று எழுத்துகள் இயோட்டா, ஈட்டா, சிக்மா. இவற்றில் இயோட்டா உருவத்தில் லத்தீன் ‘ஐ’ போலவே இருக்கும். ஈட்டா ஒரு நெடில் உயிரெழுத்து. ஆனால் அதன் பெரிய வடிவம் லத்தீன் ‘எச்’ போலத் தோன்றும். பழைய கிரேக்கச் சுவடிகளில் சிக்மாவைப் பிறைபோல வளைத்து எழுதியதால் அது லத்தீன் ‘சி’யை ஒத்திருந்தது. ஐ.எச்.சி என்றும் ஐ.எச்.எஸ் என்றும் இரு வடிவங்கள் வழங்குவது இதனால்தான். இரண்டும் ஒரே பெயர்.

இந்தச் சுருக்கம் தனியாகப் பிறந்ததன்று. கி.பி. 2, 3-ஆம் நூற்றாண்டுகள் தொட்டே கிறிஸ்தவர்கள் படியெடுத்த கிரேக்கச் சுவடிகளில் ‘கடவுள்’, ‘ஆண்டவர்’, ‘இயேசு’, ‘கிறிஸ்து’ ஆகிய நான்கு சொற்களும் முழுமையாக எழுதப்படுவது அரிது. பெரும்பாலும் முதலெழுத்தையும் கடைசி எழுத்தையும் மட்டும் எழுதி, மேலே ஒரு கோடு இழுத்தார்கள். காலப்போக்கில் ஆவி, தந்தை, மகன், மீட்பர், சிலுவை, தாய், விண்ணகம், எருசலேம் முதலிய சொற்களும் சேர்ந்து பட்டியல் பதினைந்தானது. ஜெர்மானியச் சுவடியியல் அறிஞர் லுத்விக் திராவ்பே 1907-இல் வெளியான தம் நூலில் இவற்றுக்குத் ‘திருப்பெயர்கள்’ என்ற பொருளுள்ள லத்தீன் பெயரைச் சூட்டினார். இன்றும் ஆய்வாளர்கள் அந்தப் பெயரையே கையாள்கிறார்கள்.

சுருக்கியது ஏன்? ஏட்டில் இடம் மிச்சம் பிடிக்க என்பது முதலில் தோன்றும் விடை. அது நிற்காது. இந்தச் சொற்கள் பெரும்பாலும் சிறியவை. சுருக்கினாலும் ஓரிரு எழுத்துகளே குறையும். ‘கடவுள்’ என்பதற்கான கிரேக்கச் சொல்லில் மொத்தமே நான்கு எழுத்துகள்தான். விசாலமான ஓரம் விட்டு, தாராளமாக எழுதப்பட்ட 4-ஆம் நூற்றாண்டின் சீனாய்ச் சுவடியிலும் இந்தச் சுருக்கங்கள் தவறாமல் வருகின்றன. மேலே இழுத்த கோடும் எழுத்தின் சிறுமையும் சேர்ந்து, படிப்பவரின் கண்ணை ஒரு கணம் அங்கே நிறுத்துகின்றன. இதைச் சிக்கனம் என்பதைவிட வணக்கம் என்பதே பொருந்தும்.

இந்த வணக்கத்துக்கு யூத மரபில் வேர் தேடுவோர் உண்டு. இறைவனின் நான்கெழுத்துப் பெயரை யூதர்கள் உச்சரிப்பதில்லை. சாக்கடல் குகைகளில் கிடைத்த சுருள்கள் சிலவற்றில் மற்றச் சொற்களெல்லாம் வழக்கமான எழுத்தில் இருக்க, அந்தப் பெயர் மட்டும் பண்டைய எபிரேய எழுத்தில் தனித்து நிற்கிறது. பதினைந்து என்ற எண்ணைப் பத்தும் ஐந்துமாக எழுதினால் இறைப்பெயரின் பகுதி உருவாகிவிடும் என்று, ஒன்பதும் ஆறுமாக எழுதுவது இன்றைய யூத வழக்கமும்கூட. ஆனால் யூதர் அந்தப் பெயரைக் காப்பதற்காக உச்சரிக்காமல் விட்டார்கள். கிறிஸ்தவ எழுத்தரோ உச்சரிக்க வேண்டிய பெயரையே சுருக்கினார். எனவே மரபு அப்படியே கைமாறியது என்று சொல்லிவிட முடியாது.

சுருக்குவதே வணக்கம் என்பது எல்லாச் சமயங்களுக்கும் பொது விதியும் அன்று. இஸ்லாத்தில் இதற்கு நேர்மாறான கவலை உண்டு. நபிகள் நாயகத்தின் பெயரைச் சொல்லும்போதெல்லாம் அவர்மீது அருளும் அமைதியும் வேண்டிச் சலவாத்து சொல்வது கடமை. அதை எழுத்தில் சுருக்கலாமா? 13-ஆம் நூற்றாண்டின் நபிமொழி அறிஞர் இப்னுஸ் ஸலாஹ், நபிமொழிகளைப் படியெடுக்கும் மாணவர்கள் அதைக் குறியீடாகச் சுருக்காமல் முழுமையாக எழுத வேண்டும் என்றார். சலவாத்து ஒரு வேண்டுதல். வேண்டுதலைப் பாதியில் நிறுத்துவது முறையாகாது என்ற உணர்வு அதன் பின்னால் இருக்கிறது. தமிழ் முஸ்லிம்களின் நூல்களில் ‘ஸல்’ என்ற சுருக்கம் வழங்கிவந்தாலும், அதைக் கண்ட இடத்தில் வாசகர் முழு வாக்கியத்தையும் வாயால் சொல்ல வேண்டும் என்று கற்பிக்கப்படுகிறது. எழுத்து குறையலாம், வழிபாடு குறையக்கூடாது என்பதே அங்கே கொள்கை.

கிறிஸ்தவச் சுருக்கத்துக்குத் திரும்பினால், அதன் மிகப் பழைய சான்றுகளில் ஒன்று எண்கணிதத்தோடு பின்னியிருக்கிறது. கிரேக்கத்தில் எழுத்துகளே எண்களாகவும் பயன்படும். ‘பர்னபா திருமுகம்’ என்ற பழைய நூல், தொடக்கநூல் 14-ஆம் அதிகாரத்தில் ஆபிரகாம் தம்முடன் கூட்டிச் சென்ற 318 ஆள்களின் எண்ணிக்கையை எடுத்துக்கொள்கிறது. பதினெட்டு என்பதை எழுத இயோட்டாவும் ஈட்டாவும் வேண்டும். அவை இயேசுவின் பெயரின் முதல் இரண்டு எழுத்துகள். முந்நூறுக்கான எழுத்து டௌ. அது சிலுவையின் வடிவம். ஆக ஆபிரகாம் காலத்திலேயே சிலுவையில் தொங்கிய இயேசு முன்னறிவிக்கப்பட்டார் என்கிறது அந்நூல். ஆபிரகாமின் கதை முதலில் எபிரேயத்தில் எழுதப்பட்டது. அங்கே இந்த எழுத்துக் கணக்குக்கு இடமே இல்லை. ஆனாலும் இந்தப் பகுதி ஒன்றை உறுதியாகக் காட்டுகிறது: இரண்டு எழுத்துகளைப் பார்த்தவுடன் இயேசுவின் பெயர் என்று புரிந்துகொள்ளும் வாசகர்கள் அந்நூல் எழுதப்பட்ட காலத்திலேயே இருந்தார்கள். எபிரேயத்தில் ‘உயிர்’ என்ற சொல்லின் எண்மதிப்பும் பதினெட்டு. எனவே சுருக்கும் வழக்கமே இயேசுவின் பெயரிலிருந்துதான் தொடங்கியிருக்கக்கூடும் என்று அண்மைக்கால ஆய்வாளர் லாரி ஹுர்தாதோ கருதினார். கருத்து அழகானது, ஆயினும் ஊகமே.

கிரேக்கம் அறியாத மேற்கு ஐரோப்பாவுக்குச் சுருக்கம் சென்றபோதுதான் பொருள்கள் பெருகத் தொடங்கின. லத்தீன் எழுத்தர்கள் இந்தப் பெயரின் மேலிருந்த பக்தியால் கிரேக்க எழுத்துகளை மாற்றாமல் அப்படியே வரைந்தார்கள். காலப்போக்கில் நடுவிலிருந்த ஈட்டா அவர்கள் கண்ணுக்கு ‘எச்’ ஆயிற்று. விரித்து எழுதும்போது அந்த ‘எச்’சையும் விடாமல் ‘இஹேசுஸ்’ என்று எழுதலானார்கள். இடைக்கால ஏடுகளில் இந்த எழுத்துக்கூட்டு பரவலாகக் கிடைக்கிறது. 9-ஆம் நூற்றாண்டில் ஸ்தாவலோ மடத்துத் துறவி கிறிஸ்தியான், மத்தேயு நற்செய்திக்கு எழுதிய உரையில், இது கிரேக்க எழுத்து என்றும் லத்தீன் எழுத்தாகக் கொள்ளக்கூடாது என்றும் எடுத்துச் சொன்னார். வழக்கம் மாறவில்லை. அதற்கு முன்பே பைசாந்தியப் பேரரசர் இரண்டாம் ஜஸ்தினியான் தம் முதல் ஆட்சிக்காலத்தில் (685–695) வெளியிட்ட பொற்காசில் கிறிஸ்துவின் முகத்தைச் சுற்றி இந்த மூன்று எழுத்துகள் லத்தீன் வாசகத்தோடு கலந்து நின்றன. பேரரசின் காசிலேயே இரு மொழிகளும் கலந்துவிட்ட பிறகு ஒரு துறவியின் உரை எதைத் தடுக்கும்?

மூன்றும் லத்தீன் எழுத்துகள் என்று கொண்டுவிட்டால், ஒவ்வொன்றும் ஒரு சொல்லின் தலையெழுத்தாக இருக்க வேண்டும் என்று எண்ணுவது இயல்பு. ‘மனிதரின் மீட்பர் இயேசு’ என்ற விரிவு அப்படி வந்தது. ஜெர்மானியர் தங்கள் மொழியிலேயே ‘இயேசு, மீட்பர், பேறளிப்பவர்’ என்று விரித்தார்கள். ‘இயேசுவே நம் தோழர்’ என்ற லத்தீன் விரிவு சேசு சபையாருக்கு உரியது. ‘இந்த அடையாளத்தில் வெல்வாய்’ என்பது 312-இல் ரோமுக்கு அருகே மில்வியப் பாலத்தில் நடந்த போருக்கு முன் பேரரசர் கான்ஸ்தந்தீன் கண்டதாகச் சொல்லப்படும் காட்சியோடு சேர்ந்தது. அந்த வாக்கியத்தின் லத்தீன் வடிவத்திலுள்ள முதல் மூன்று சொற்களின் தலையெழுத்துகள் பொருந்திப்போயின. ஆனால் கான்ஸ்தந்தீனோடு இணைத்துப் பேசப்படும் சின்னம் இது அன்று. கிறிஸ்து என்ற சொல்லின் முதலிரு எழுத்துகளான கீயும் ரோவும் பின்னிய வேறொரு குறி அது.

இவ்விரிவுகளைப் பிழை என்று தள்ளுவது எளிது. சொற்பிறப்பாக அவை பிழைதான். ஆனால் ஒருவர் ‘மனிதரின் மீட்பர்’ என்று படித்து வேண்டும்போது அவர் வரலாறு சொல்லவில்லை, தம் நம்பிக்கையை அறிக்கையிடுகிறார். அந்த நம்பிக்கை பெயருக்கு அந்நியமானதும் அன்று. மத்தேயு நற்செய்தியின் முதல் அதிகாரமே, குழந்தைக்கு இப்பெயர் இடப்படுவதற்குக் காரணம் அவர் மக்களை மீட்கப்போவதே என்கிறது. பெயருக்குள் ஏற்கெனவே இருந்ததைத்தான் அந்த விரிவு வெளியே எடுத்துச் சொல்கிறது. கான்ஸ்தந்தீன் விரிவு அப்படிப்பட்டதன்று. அது ஒரு போர்க்களத்தையும் ஒரு பேரரசரின் வெற்றியையும் அப்பெயருக்குள் கொண்டுவந்து வைக்கிறது. பெயரின் பொருளைப் பெரிதாக்கும் விரிவும், பெயரின் மேல் இன்னொன்றை ஏற்றும் விரிவும் ஒரே தட்டில் வைக்கத்தக்கவை அல்ல.

மூன்றாவது வகை ஒன்று உண்டு. ஸ்காட்லாந்தின் அலெக்சாந்தர் ஹிஸ்லப் என்ற போதகர், கத்தோலிக்க வழிபாடு பாபிலோனியச் சமயத்தின் தொடர்ச்சியே என்று நிறுவ ‘இரு பாபிலோன்கள்’ என்ற நூலை எழுதினார்; 1858-இல் விரிவான பதிப்பு வந்தது. அப்பத்தின் மேலுள்ள எழுத்துகள் ஐசிஸ், ஹோரஸ், செப் ஆகிய எகிப்தியத் தெய்வங்களைக் குறிப்பவை என்றார் அவர். இது நம்பிக்கை அறிக்கை அன்று. வரலாறு பற்றிய கூற்று. ஆகவே சான்றால் சோதிக்கலாம். கிரேக்கத்தில் ஹோரஸ் பெயரின் முதலெழுத்து ஒமேகா. ஈட்டா அங்கே வரவே வராது. ‘செப்’ என்பது 19-ஆம் நூற்றாண்டு அறிஞர்களின் பிழைவாசிப்பு. அத்தெய்வத்தின் பெயரைக் ‘கெப்’ என்றே இப்போது படிக்கிறார்கள். எகிப்தியர் மூவராகச் சேர்த்து வணங்கியது ஒசிரிஸ், ஐசிஸ், ஹோரஸ் ஆகியோரை. எல்லாவற்றுக்கும் மேலாக, இந்தச் சுருக்கம் நற்செய்திச் சுவடிகளில் வாக்கியத்தின் நடுவே, இயேசு நடந்தார், இயேசு சொன்னார் என்ற இடங்களில் வருகிறது. வேறு பொருளுக்கு அங்கே இடமில்லை. பக்தர் தரும் விரிவுக்குக் காட்டும் பொறுமையை இத்தகைய கூற்றுக்குக் காட்டத் தேவையில்லை.

வணக்கம் யாரைச் சேர்கிறது என்ற இரண்டாவது கேள்வி இத்தாலியில் வெடித்தது. சியன்னாவின் பெர்னார்தீன் (1380–1444) பிரான்சிஸ்கன் சபைத் துறவி. ஊர் ஊராகச் சென்று நகரச் சதுக்கங்களில் பிரசங்கம் செய்தவர். அந்நாளைய இத்தாலிய நகரங்களில் குடும்பங்களும் கட்சிகளும் தத்தம் சின்னங்களைச் சுவரில் மாட்டி ஒன்றையொன்று வெட்டிக்கொண்டிருந்தன. அவற்றை இறக்கிவிட்டு எல்லாருக்கும் பொதுவான ஒரு பெயரை மாட்டுங்கள் என்றார் பெர்னார்தீன். பிரசங்கத்தின் முடிவில் ஒரு மரப்பலகையை உயர்த்திக் காட்டுவார். நீலப் பின்னணியில் பொன்னிறக் கதிரவன், அதன் நடுவே மூன்று எழுத்துகள். கூட்டம் மண்டியிடும், அழும், பகைவர்கள் கட்டித் தழுவிக்கொள்வார்கள். சானோ தி பியெத்ரோ வரைந்த ஓவியத்தில் சியன்னாச் சதுக்கத்தில் நிகழ்ந்த இக்காட்சியைக் காணலாம். அந்நகர ஆட்சி மன்றத்தின் முகப்பில் அந்தக் கதிரவன் இன்றும் இருக்கிறது.

பலகையில் இருந்தவை சிறிய வடிவ எழுத்துகள். அவற்றில் நடு எழுத்தின் தண்டு உயர்ந்து நிற்கும். சுருக்கத்தைக் காட்டும் மேற்கோடு அந்தத் தண்டைக் குறுக்கே வெட்டியபோது தானாக ஒரு சிலுவை உருவாயிற்று. ‘இங்கே எழுத்துகள் குறைகின்றன’ என்று சொல்ல இழுக்கப்பட்ட கோடு, கல்வாரியைக் காட்டும் உருவமானது. யாரும் திட்டமிட்டுச் செய்யாத இந்த மாற்றம்தான் இச்சுருக்கத்தின் வரலாற்றில் மிக ஆழமானது.

எதிர்ப்பு வலுத்தது. அகுஸ்தீன் சபைத் துறவி அந்திரேயா பிலியா முதலானோர் இந்த வழக்கத்தைக் கண்டித்து எழுதினார்கள். மக்கள் எழுத்தை வணங்குகிறார்கள், மந்திரவாதிகள் தகட்டில் கீறும் எழுத்துகளுக்கும் இதற்கும் என்ன வேறுபாடு, சிலுவைக்கும் நற்கருணைக்கும் உரிய இடத்தைப் பலகை பிடித்துக்கொள்கிறது என்ற குற்றச்சாட்டுகள் எழுந்தன. தப்பறை பரப்புகிறார் என்று பெர்னார்தீன் ரோமுக்கு அழைக்கப்பட்டார். அவருக்காக வாதாடியவர்களில் கபிஸ்திரானோ ஊர் யோவானும் ஒருவர். திருத்தந்தை ஐந்தாம் மார்த்தீன் அவரைக் குற்றமற்றவர் என்று விடுவித்ததோடு ரோமிலேயே பிரசங்கம் செய்யவும் அனுமதித்தார். 1450-இல், இறந்த ஆறே ஆண்டுகளில், பெர்னார்தீன் புனிதர் பட்டம் பெற்றார்.

தீர்ப்புக்கு அடிப்படையான கோட்பாடு பழையது. 787-இல் கூடிய இரண்டாம் நீசேயாப் பொதுச்சங்கம், உருவத்துக்குச் செய்யும் மரியாதை உருவத்துக்கு உரியவரைச் சேர்கிறது என்று வரையறுத்திருந்தது. 1274-இல் லியோன் சங்கம், இயேசுவின் பெயரைக் கேட்கும்போது தலைவணங்க வேண்டும் என்று பணித்திருந்தது. காதில் விழும் பெயருக்கு வணங்கலாம் என்றால் கண்ணில் படும் பெயருக்கும் வணங்கலாம் அல்லவா? ஆனால் உருவமும் எழுத்தும் ஒன்றல்ல. உருவம் சாயலால் ஒருவரைக் காட்டுகிறது. எழுத்துக்குச் சாயல் இல்லை. புனித அகுஸ்தீன் வகுத்தபடி அது மனிதர் தமக்குள் ஒப்புக்கொண்டு இட்ட குறி. சாயல் இல்லாததே எழுத்துக்குப் பலம் என்று வாதிடலாம்: எழுத்தைக் கடவுள் என்று யாரும் மயங்கமாட்டார்கள். வாதம் நன்றாகத்தான் இருக்கிறது, படிக்கத் தெரிந்தவரைப் பொறுத்தவரை. சியன்னாச் சதுக்கத்தில் கூடியவர்களில் எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் ஏராளம். அவர்கள் கண்டது எழுத்தை அன்று, பொன்னில் ஒளிரும் ஓர் உருவத்தை. பிலியாவின் அச்சத்தை வெறும் பொறாமை என்று ஒதுக்க முடியாதது இதனால்தான். பெர்னார்தீனும் இதை அறிந்தே இருந்தார். தாயத்துகளையும் மந்திரச் சீட்டுகளையும் கடுமையாகச் சாடியவர் அவர். பலகையைக் காட்டுவதற்கு முன் நெடுநேரம் பேசினார் என்பதே அவர் தரப்பின் வலுவான சான்று. விளக்கத்தோடு வரும் குறி வழிபாட்டுக்கு உதவும். விளக்கம் உதிர்ந்துபோன குறி தாயத்தாகிவிடும்.

இதே மூன்று எழுத்துகளை லொயோலா இஞ்ஞாசியார் 1541-இல் சேசு சபையின் தலைவரானதும் தம் முத்திரையில் கொண்டார். மேலே சிலுவையும் கீழே மூன்று ஆணிகளும் சேர்ந்த வடிவம் அச்சபையின் அடையாளமாயிற்று. ரோமிலுள்ள ஜேசு ஆலயத்தின் கூரையில் பச்சிச்சா என்ற கௌல்லி 1670-களில் வரைந்த பெரும் ஓவியத்தில் ஒளியின் ஊற்றாக நிற்பது மனித உருவம் அன்று, இந்த எழுத்துகள். சேசு சபையாரான திருத்தந்தை பிரான்சிஸ் 2013-இல் தம் இலச்சினையிலும் இதையே வைத்தார். சபை சென்ற வழியெல்லாம் குறியும் சென்றது. புனித சவேரியாரின் உடல் வைக்கப்பட்டுள்ள கோவாவின் போம் ஜேசு பேராலய முகப்பில் அது கல்லில் செதுக்கப்பட்டிருக்கிறது. சவேரியாரைத் தொடர்ந்து முத்துக்குளித்துறைக்கு வந்த அன்றீக்கு அன்றீக்கஸ் 1578-இல் அச்சிட்ட ‘தம்பிரான் வணக்கம்’, 1606-இல் மதுரைக்கு வந்த தத்துவ போதகர், பின்னர் வீரமாமுனிவர் என்று தமிழோடு இச்சபைக்கு உள்ள உறவு நீண்டது. தமிழில் இச்சபைக் குருக்கள் தம் பெயருக்குப் பின் ‘சே.ச.’ என்று எழுதுகிறார்கள். அதில் ‘சே’ என்பது அதே பெயரின் இன்னொரு சுருக்கம்.

கத்தோலிக்கரை எதிர்த்த தரப்பும் குறியைக் கைவிடவில்லை என்பது கவனிக்கத்தக்கது. 1536-இல் சீர்திருத்தத் திருச்சபையை ஏற்ற ஜெனீவா, கோயில்களிலிருந்து சுரூபங்களை அகற்றியது. கால்வின் அங்கேதான் போதித்தார். ஆனால் அந்நகரத்தின் சின்னத்தில் உச்சியிலுள்ள கதிரவனில் இயேசுவின் பெயரெழுத்துகள் இன்றுவரை இருக்கின்றன. சுரூபம் விலக்கு, பெயர் விலக்கன்று என்ற தெளிவு அங்கே செயல்பட்டிருக்கிறது.

கிழக்குத் திருச்சபையில் இன்னொரு சுருக்கம் நிலைத்தது: இயேசு, கிறிஸ்து என்ற இரு சொற்களின் முதலெழுத்தும் கடைசி எழுத்தும். கிறிஸ்துவின் திருவோவியம் எதிலும் இந்த எழுத்துகள் இருக்க வேண்டும்; பெயர் எழுதப்படாத ஓவியம் முழுமை பெற்றதாகக் கருதப்படுவதில்லை. நற்கருணை அப்பத்திலும் ‘வெல்கிறார்’ என்ற சொல்லோடு சேர்த்து அதைப் பதிப்பார்கள். பெயருக்கு இவ்வளவு இடம் தந்த அந்த மரபில், கேள்வி அதன் கூர்மையான வடிவத்தை அடைந்தது. 1907-இல் இலாரியோன் என்ற ரஷ்யத் துறவி, இயேசுவின் பெயரை இடைவிடாமல் சொல்லும் செபத்தைப் பற்றி நூல் எழுதினார். இறைவனின் பெயரில் இறைவனே இருக்கிறார் என்றது அந்நூல். கிரேக்க நாட்டின் ஆதோஸ் மலையிலிருந்த ரஷ்யத் துறவிகள் பலர் அதை ஏற்றார்கள். ஒலியும் எழுத்தும் கடவுள் என்று அவர்கள் சொல்லவில்லை. பெயரில் செயல்படும் இறையாற்றல் இறைவனிடமிருந்து பிரிக்க முடியாதது என்றார்கள். ரஷ்யத் திருச்சபையின் தூய ஆட்சிக்குழு 1913-இல் இதைத் தப்பறை என்று கண்டித்தது. அதே ஆண்டு ரஷ்யப் படைவீரர்கள் ஆதோஸில் இறங்கி 800-க்கும் மேற்பட்ட துறவிகளைக் கப்பலில் ஏற்றி ஒதேசாவுக்குக் கொண்டுபோனார்கள். பவெல் புளோரென்ஸ்கி, செர்கெய் புல்காகோவ் போன்ற சிந்தனையாளர்கள் துறவிகளின் பக்கம் நின்று எழுதினார்கள். 1917-இல் மாஸ்கோவில் கூடிய ரஷ்யத் திருச்சபையின் பெருஞ்சங்கம் இந்தக் கேள்வியை ஆராய எடுத்துக்கொண்டது. புரட்சிக்கு நடுவே, அடுத்த ஆண்டு, விடை சொல்லாமலேயே கலைந்தது.